என் குரல் இல்லாத படங்கள்

ஜன்னல் பக்கத்தை எனக்குக் கொடுத்துவிடுங்கள். வயசைச் சொல்லிக் கேட்கவில்லை, தொழிலைச் சொல்லிக் கேட்கிறேன். என் தொழிலே பார்ப்பதுதான். நீங்கள் இந்தப் பக்கம் காலை நீட்டிக்கொள்ளலாம். பை மேலே வேண்டாம், என் மடியிலேயே இருக்கட்டும். உள்ளே ஒரு டிபன் டப்பா, டப்பாவுக்குள் துண்டு, துண்டுக்குள் ஹார்ட் டிஸ்க். எண்பத்தாறு மணி நேரப் படம் அதில் இருக்கிறது. இட்லி என்று நினைத்துவிடாதீர்கள்.

கண்டக்டர், தூத்துக்குடி ரெண்டு. சாருக்கும் தூத்துக்குடிதான். என்ன, ஏதோ சொல்ல வந்தீர்களே? பரவாயில்லை, அப்புறம் சொல்லுங்கள். மூன்று மணி நேரம் இருக்கிறது.

உங்களைப் பார்த்ததுமே தெரிந்துவிட்டது, வாத்தியார். சட்டைப் பையில் இரண்டு பேனா. இல்லையா? உரக் கடையா? அப்படியா. ஆனாலும் வாத்தியார் மாதிரிதான் இருக்கிறீர்கள். முப்பது வருஷம் மனிதர்களைப் பார்த்த கண் இது, முழுக்கத் தப்பாது.

என் பெயர் நல்லசிவம். ஆவணப்படம் எடுக்கிறவன். அணைக்கட்டைக் காட்டி, பின்னால் ஒருவர் கனத்த குரலில் பேசுவாரே, அந்த வகை இல்லை. யாராவது ஒருவர் பின்னால் கேமராவோடு ஆறு மாதம், எட்டு மாதம் போய் நிற்பேன். கேள்வி கேட்க மாட்டேன். எதையும் செய்யச் சொல்ல மாட்டேன். இசை கிடையாது, விளக்கம் கிடையாது. அவர்கள் பாட்டுக்கு வாழ்வார்கள், நான் பாட்டுக்குப் பார்ப்பேன், நான் அங்கே இல்லாதது போல. அதுதான் என் கொள்கை. ஒன்பது படம் எடுத்திருக்கிறேன். ஒன்றிலாவது என் குரலைக் கேட்டேன் என்று யாராவது சொல்லட்டும் பார்ப்போம். இயல்பிலேயே நான் அதிகம் பேசுகிறவன் இல்லை.

முதல் படம் ஒரு ரயில்வே கேட் கீப்பரைப் பற்றியது. மானாமதுரைப் பக்கம். ஏழு மாதம் அவருடைய அறைக்கு வெளியே நின்றேன். முதல் வாரம் கேமராவில் டேப்பே போடவில்லை. எங்களில் சிலர் அப்படிச் செய்வதுண்டு. வெறும் கேமராவைத் தோளில் வைத்துக்கொண்டு சும்மா நிற்பது. ஒரு வாரத்தில் ஆட்களுக்கு நம்மேல் சலிப்பு வந்துவிடும். சலிப்பு வந்த பிறகுதான் மனிதர்கள் அவர்களாக இருப்பார்கள். அப்போது டேப்பைப் போட வேண்டும். அந்தக் கேட் கீப்பருக்கு இரண்டாம் நாளே சலித்துவிட்டதாம். தனியாக இருக்கலாம் என்றுதான் அந்த வேலைக்கு வந்தாராம், நான் போய்ப் பேசிப் பேசிக் கெடுத்துவிட்டேனாம். வேடிக்கையான மனிதர்.

அந்தப் படத்தில் ஒரு இடம். ரயில் போய்விட்டது. கேட்டைத் திறக்க வேண்டும். அவர் திறக்கவில்லை. தண்டவாளத்தையே பார்த்துக்கொண்டு நிற்கிறார். முழுசாக ஒரு நிமிஷம். இரண்டு பக்கமும் லாரி, பஸ், சைக்கிள் எல்லாம் நிற்கின்றன. சத்தமே இல்லை, காற்று மட்டும். வெளிநாட்டில் ஒரு விழாவில் அந்த ஒரு நிமிஷத்துக்காகவே விருது கொடுத்தார்கள். பட்டயத்தில் ‘மௌனத்தின் துணிச்சலுக்காக’ என்று எழுதியிருந்தது. இங்கே ஒரு விமர்சகர் எழுதினார், ‘நல்லசிவம் சுவரில் ஒட்டிய பல்லி போல இருந்து வாழ்க்கையைப் பார்க்கிறார்’ என்று. அதை இமெல்டாவிடம் படித்துக் காட்டினேன்.

“பல்லி எப்பவாவதுதான் சார் சத்தம் போடும்” என்றாள்.

இமெல்டா யார் என்று சொல்லவில்லை இல்லையா? என் எடிட்டர். நான் எடுத்து வருகிற நூறு மணி நேரத்தை வெட்டி ஒட்டி ஒன்றரை மணி நேரம் ஆக்குகிறவள். அது ஒரு இயந்திர வேலை. நான் பின்னால் நாற்காலியில் உட்கார்ந்து சொல்லச் சொல்ல அவள் செய்வாள். சொன்னதைச் செய்ய மாட்டாள், அது வேறு விஷயம். வேறு ஒன்றைச் செய்து வைப்பாள். நான் கூடவே கூடாது என்பேன். ஒரு வாரம் கழித்துப் பார்த்தால் அது சரியாக இருக்கும். அந்த ஒரு வாரத்தில் என் மனதில் இருந்தது எப்படியோ அதற்குள் போய்ச் சேர்ந்துவிடும். எனக்கே ஆச்சரியமாக இருக்கும்.

வடபழனியில் ஒரு மாடி அறை. சீரியல்களுக்கு டப்பிங் பேசுகிற இடத்துக்குப் பின்பக்கம். இருபத்தேழு வருஷம். அவள் முன்னால் திரையைப் பார்த்து உட்கார்ந்திருப்பாள், நான் பின்னால். யோசித்துப் பார்த்தால் இத்தனை வருஷமும் நான் பார்த்தது அவளுடைய பின்மண்டையைத்தான். வந்தபோது நீளப் பின்னல். பிறகு கொண்டை. கடைசியில் கழுத்தோடு வெட்டின நரைமுடி. கோபமா, சிரிப்பா என்று பின்னால் இருந்தே சொல்லிவிடுவேன். கோபம் என்றால் தலை இடதுபக்கம் லேசாகச் சாயும். பெரும்பாலும் சாய்ந்தேதான் இருக்கும்.

எங்கள் தொழிலில் ஒரு வழக்கம் இருக்கிறது. படம் எடுக்கிற ஒவ்வொரு இடத்திலும் எல்லோரும் வாயை மூடிக்கொண்டு ஒரு நிமிஷம் நிற்க வேண்டும். அந்த இடம் சும்மா இருக்கும்போது எழுகிற சத்தத்தைப் பதிவுசெய்வதற்காக. மின்விசிறி, காக்கா, தூரத்து பஸ். பேச்சை வெட்டின இடத்தில் அதை எடுத்துப் பூசினால் வெட்டு தெரியாது. சிமெண்ட் மாதிரி. இமெல்டாவுக்கு அது எவ்வளவு கொடுத்தாலும் போதாது. “ஒரு நிமிஷம் கேட்டேன் சார். பதினஞ்சு செகண்டுலயே உங்க குரல் வந்துருது” என்பாள்.

“ஃபேன் சத்தம் சரியா விழுதான்னு கேட்டேன், அவ்வளவுதான்.”

“நீங்க கேட்டதுதான் சார் விழுந்திருக்கு.”

தூத்துக்குடிக்காரி. வாய் அப்படி. ஆனால் அவள் எதற்கு இவ்வளவு சிமெண்ட் கேட்டாள் என்று நான் ஒருநாளும் யோசித்ததில்லை. படம் எடுக்கிறவன் எல்லாவற்றையும் யோசித்துக்கொண்டிருக்க முடியுமா?

மூன்று வருஷத்துக்கு முன்னால் ஒருநாள், “போதும் சார், ஊருக்குப் போறேன்” என்றாள். அக்கா தனியாக இருக்கிறாளாம். கடைசி நாள் அந்த மாடி அறையில் ஒரு சின்ன விருந்து. கேக், மிக்சர், பன்னிரண்டு பேர். நான் ஐந்து நிமிஷம் பேசினேன். நாற்பது நிமிஷம் என்று பிறகு யாரோ சொன்னார்கள், அதை விடுங்கள். நான் முடித்ததும் இமெல்டா எழுந்தாள். “சாருக்கு ஒரு அன்பளிப்பு வச்சிருக்கேன்” என்று விளக்கை அணைத்தாள்.

திரையில் ஒன்றும் இல்லை. வெறும் கறுப்பு. குரல் மட்டும். என் குரல்.

‘அண்ணே, கேட்டைத் தொறந்துடாதீங்க. ரெண்டு நிமிஷம். அப்படியே தண்டவாளத்தைப் பாருங்க. ஊர் ஞாபகம் வர்ற மாதிரி.’ அதோடு, ஒரு லாரிக்காரர் என்னை என்னவோ கேட்கிறார். அதை இங்கே சொல்ல முடியாது, முன் சீட்டில் பெண்கள் இருக்கிறார்கள்.

அடுத்தது, ‘சிஸ்டர், பையன் பொறந்திருக்கான்னு இன்னொரு தடவை வந்து சொல்லிடுங்க, இவர் அந்தப் பக்கம் திரும்பியிருந்தார், முகம் விழலை.’ அது பிரசவ வார்டுக்கு வெளியே காத்திருக்கிற ஆண்களைப் பற்றி நான் எடுத்த படம். இதைத் தலையீடு என்று சொல்ல முடியுமா? பையன் பிறந்தது உண்மை. நர்ஸ் சொன்னது உண்மை. இரண்டாவது தடவை சொன்னால் பொய்யாகிவிடுமா? அந்த மனுஷர் இரண்டாவது தடவைதான் அழுதார், தெரியுமா?

‘அம்மா, அழறதுன்னா இந்தப் பக்கம் திரும்பி அழுங்க, வெளிச்சம் இங்க இருக்கு.’ சரி, அது ஒன்று இருக்கிறது. ஒத்துக்கொள்கிறேன்.

இவ்வளவுக்கும் நடுநடுவே ஒரு வாக்கியம் வந்துகொண்டே இருந்தது. ‘என்னைப் பார்க்காதீங்க, நான் இங்க இல்லை.’ உப்பளத்தில், ஆஸ்பத்திரியில், கூட்டுறவு சங்கத்தில். மெதுவாக, சத்தமாக, கெஞ்சி, எரிந்துவிழுந்து. ‘நான் இங்க இல்லை. நான் இங்க இல்லைன்னு சொல்றேன்ல.’ நாற்பத்து மூன்று தடவை. முதல் ஐந்தாறு தடவை எல்லோரும் அடக்கிக்கொண்டிருந்தார்கள். அதற்குப் பிறகு ஒருவர் மிக்சரைத் துப்பினார். கேமரா உதவியாளர் தரையில் உட்கார்ந்துவிட்டார். ஒன்பது படத்திலும் என் குரல் வந்த இடங்களை வெட்டி, தனி டேப்பில் போட்டு வைத்திருக்கிறாள். கம்ப்யூட்டர் வந்த பிறகு தனி ஃபோல்டர். இருபத்தேழு வருஷமாக. என் படங்களை மொத்தமாக ஆயிரம் பேர் பார்த்திருப்பார்களா, தெரியாது. ஒருவரும் இப்படி ரசித்ததில்லை.

விளக்குப் போட்டபோது நான் அங்கே இல்லை. நிஜமாகவே இல்லை, படியிறங்கிவிட்டேன்.

அதோடு மூன்று வருஷம் பேச்சு இல்லை. அவளும் கூப்பிடவில்லை. நானும் கூப்பிடவில்லை. கிறிஸ்துமஸுக்கு மட்டும் ஒரு பார்சல் வரும், தூத்துக்குடி முந்திரி மக்ரூன். சீட்டு எதுவும் இருக்காது. நானும் சாப்பிட்டுவிட்டுப் பதில் போடாமல் இருப்பேன். கோபம் என்றால் கோபம்தான்.

கேட்கிறீர்களா? தலையை ஆட்டுகிறீர்கள், நல்லது. கண்ணை மூடிக்கொண்டு கேட்கிறவர்களை எனக்குப் பிடிக்கும். அவர்கள்தான் முழு மனதோடு கேட்கிறவர்கள்.

இந்த டப்பாவில் இருப்பது பத்தாவது படம். இதுதான் கடைசி. வலது தோள் போய்விட்டது. அரை மணி நேரம் கேமராவைத் தூக்கினால் இரண்டு நாள் கை மேலே போகாது. ஓய்வுபெற்ற ஒரு வக்கீலம்மா, ஸ்கூட்டர் உதிரிபாகக் கடை மாடியில் ஒரு அறை வைத்திருக்கிறார். பிரிய நினைக்கிற புருஷன் பெண்சாதியைக் கோர்ட்டுக்குப் போவதற்கு முன்னால் உட்காரவைத்துப் பேசுவார். எந்த ஊர் என்று சொல்ல மாட்டேன், வாக்குக் கொடுத்திருக்கிறேன். அந்த அறையின் மூலையில் நான் பத்து மாதம் நின்றேன். இந்த முறை ஒரு வார்த்தை பேசுவதில்லை என்று வைராக்கியம். அந்தப் பன்னிரண்டு பேரும் ஒருநாள் இந்தப் படத்தின் முழுப் பதிவையும் கேட்டுப் பார்க்கட்டும் என்று நினைத்துக்கொண்டேன். ஏழு மாதம் பல்லைக் கடித்துக்கொண்டு இருந்தேன். சரி, நாலு மாதம். வக்கீலம்மாவே ஒருநாள், “உங்களுக்கு உடம்புக்கு ஏதாவது செய்யுதா?” என்று கேட்டுவிட்டார்.

அப்போதுதான் பால்ச்சாமியும் மங்கையர்க்கரசியும் வந்தார்கள். அவருக்கு அறுபது இருக்கும், சொந்தமாக பேக்கரி. கல்யாணமாகி முப்பத்தொரு வருஷம். அந்த அம்மா ஆறு மாதமாக மகள் வீட்டில் இருக்கிறார். குடி இல்லை, அடி இல்லை, வேறு எதுவும் இல்லை. “பிறகு என்னம்மா பிரச்சினை?” என்று வக்கீலம்மா கேட்டார். அந்த அம்மா வாயைத் திறப்பதற்குள் பால்ச்சாமி, “அவளுக்கு ஒண்ணும் பிரச்சினை இல்லைங்க” என்றார்.

“இதுதாங்க பிரச்சினை” என்றார் அந்த அம்மா.

யார் எது கேட்டாலும் அந்த அம்மாவுக்காகப் பால்ச்சாமி பதில் சொல்லிவிடுகிறாராம். கடையில் எந்தச் சேலை பிடிச்சிருக்கு என்று கேட்டால் இவர். காப்பிக்குச் சர்க்கரை போதுமா என்று கேட்டால் இவர். “டாக்டர் எங்கம்மா வலிக்குதுன்னு கேட்டா, இடது பக்கம்ங்கிறாருங்க. முப்பத்தொரு வருசமா எனக்கு வலிக்கிற இடத்தை இவருதான் சொல்லிக்கிட்டு இருக்காரு. போன வருசம் வலதுபக்கம் வலிச்சுச்சு. அவரு சொன்ன பக்கத்தையே எக்ஸ்ரே எடுத்தாங்க.”

எனக்கு இது ரொம்பச் சின்ன விஷயமாகப் பட்டது. இதற்காக ஒரு வீட்டை விட்டுப் போவார்களா? ஆனாலும் நான் வாயைத் திறக்கவில்லை. மூன்று மாதம் வந்து போனார்கள். ஒரு முடிவும் இல்லை. கடைசியாக வந்த அன்று வக்கீலம்மா கையை விரித்துவிட்டார், “இதுக்கு மேல நான் என்ன சொல்ல?” என்று. அப்போது அந்த அம்மா நேராகக் கேமராவைப் பார்த்துத் திரும்பி, “மூணு மாசமா நிக்கிறீங்களே சார், நீங்க சொல்லுங்க. இவரு மேல தப்பா, என் மேல தப்பா?” என்று கேட்டார்.

கேட்டால் பதில் சொல்லாமல் இருப்பது மரியாதையா? நீங்களே சொல்லுங்கள். இரண்டு வார்த்தை சொன்னேன். பதிவில் பதினோரு நிமிஷம் காட்டுகிறது.

என்ன, எழுந்துவிட்டீர்கள்? எட்டயபுரமா? எட்டயபுரம் போய் இருபது நிமிஷம் ஆகிறதே! அங்கேயா இறங்க வேண்டும்? முன்னாலேயே சொல்லியிருக்கலாமே. நான் என்ன கண்டேன், தலையை ஆட்டி ஆட்டிக் கேட்டுக்கொண்டிருந்தீர்கள். அது தூக்கமா? உட்காருங்கள், நடுரோட்டில் இறங்கி என்ன செய்வீர்கள்? தூத்துக்குடியில் இறங்கினால் உடனே திரும்பி வர பஸ் இருக்கும். டிக்கெட்தான் அதுவரைக்கும் எடுத்திருக்கிறதே. எப்படிப் பார்த்தாலும் நல்லதற்குத்தான், முக்கியமான இடம் இனிமேல்தான் வருகிறது.

எதில் விட்டேன்? பதினோரு நிமிஷம். ஒரு உதாரணத்துக்காக இமெல்டா கதையைச் சொன்னேன். ஒரே அறையில் இருபத்தேழு வருஷம் ஒரு பெண்ணோடு வேலை செய்தேன், ஒருநாளும் நான் சொன்னதை அவள் ஒத்துக்கொண்டதில்லை, கடைசியில் பன்னிரண்டு பேர் முன்னால் என்னைக் கேலிப்பொருளாக்கினாள், நான் கோர்ட்டுக்கா போனேன்? பொறுத்துக்கொண்டேன். நீங்களும் அப்படிப் பொறுத்துக்கொள்ளுங்கள் என்று எடுத்துச் சொன்னேன்.

அந்த அம்மா எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டார். பிறகு சம்பந்தமே இல்லாமல், “வேண்டாத சத்தத்தை யாரு சார் இருபத்தேழு வருசம் பத்திரமா வச்சிருப்பாங்க?” என்றார். அது எடிட்டர்களின் பழக்கம், எதையும் அழிக்க மாட்டார்கள் என்று விளக்கினேன்.

“அது போகட்டும். அவங்ககிட்ட ஒரு தடவையாவது, நீ சொன்னதுதான் சரின்னு சொல்லியிருக்கீங்களா?”

நான் யோசித்தேன். யோசித்துப் பார்க்கத்தானே வேண்டும், ஒன்பது படம். கேட் கீப்பர் படத்தில் கடைசிக் காட்சியை அவள்தான் முதலில் கொண்டுபோய் வைத்தாள். உப்பளப் படத்தை நான் மழையோடு முடிக்க நினைத்தேன், அவள் காலிப் பாத்தியோடு முடித்தாள். எல்லாவற்றையும் யோசித்தேன். பதிவில் ஒன்பது வினாடி. ஃபேன் சத்தம் கேட்கிறது. கீழே கடையில் யாரோ ஸ்கூட்டரை உதைக்கிறார்கள், பிடிக்கவில்லை, மறுபடியும் உதைக்கிறார்கள்.

அப்போது பால்ச்சாமி, “சொன்னதில்லைன்னு அர்த்தம், விடு” என்றார்.

அந்த அம்மா மெதுவாகத் தலையைத் திருப்பிப் பார்த்தார். “அவரைக் கேட்டா நீங்க ஏங்க பதில் சொல்றீங்க?”

பால்ச்சாமி கையால் வாயைப் பொத்திக்கொண்டார். சின்னப் பையன் மாதிரி. அந்த அம்மாவுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. அடக்கப் பார்த்தார், முடியவில்லை. அவரும் சிரித்தார். சிரித்துச் சிரித்துக் கண்ணில் தண்ணீர். என்னைப் பார்த்துக் கையைக் காட்டிக் காட்டிச் சிரிக்கிறார்கள் இரண்டு பேரும். வக்கீலம்மா ஃபைலால் முகத்தை மறைத்துக்கொண்டார். பிறகு இரண்டு பேரும் கீழே போய் டீ குடித்தார்கள். அதை ஜன்னல் வழியாக எடுத்தேன். டீக்கடைக்காரர், ‘சர்க்கரை?’ என்று கேட்டிருப்பார் போலிருக்கிறது. பால்ச்சாமி கையைப் பின்னால் கட்டிக்கொண்டு வானத்தைப் பார்க்கிறார். அந்த அம்மா விரலைக் காட்டி இவ்வளவு என்கிறார். எத்தனை வருஷம் நின்றாலும் கிடைக்காத ஷாட். என் முந்தைய ஒன்பது படத்திலும் அது மாதிரி ஒன்று இல்லை.

ஆனால் பாருங்கள், அதை வைக்க முடியவில்லை. என் குரலை வெட்டினால், சண்டை போட்டுக்கொண்டிருந்த இரண்டு பேர் காரணமே இல்லாமல் விழுந்து விழுந்து சிரிக்கிறார்கள். பைத்தியம் பிடித்த மாதிரி இருக்கிறது. மூன்று எடிட்டர்கள் முயற்சி செய்தார்கள். ஒருவர் நடுவில் ஃபேனைக் காட்டினார். ஒருவர் வீணை இசை போட்டார். அவரை அன்றைக்கே அனுப்பிவிட்டேன். மூன்றாவதாக வந்த பெண், ‘உங்க குரல் இல்லைன்னா இந்த சீன் இல்லை சார், இந்த சீன் இல்லைன்னா படமே இல்லை’ என்று சொல்லிவிட்டு, என்னைக் கேட்காமல் அந்தக் காட்சியை இமெல்டாவுக்கு அனுப்பிவிட்டாள். இமெல்டாவிடம் தொழில் கற்றவளாம். எனக்கு எப்படித் தெரியும்?

போன வியாழக்கிழமை போன் வந்தது. மூன்று வருஷம் கழித்து. சௌக்கியமா என்று கேட்கவில்லை, ஒன்றும் இல்லை. எடுத்ததும், “அந்தக் காட்சியை யாரும் தொடக் கூடாது சார். நான் வெட்டுதேன்” என்றாள்.

“அதுல என் குரல் இருக்கு, இமெல்டா.”

“தெரியும் சார். உங்களை விட அந்தக் குரலை எனக்கு நல்லாத் தெரியும்.”

“என் படத்துல என் குரல் வராது. அது கொள்கை.”

“உங்க கொள்கையை இருபத்தேழு வருசமா நான்தான் சார் காப்பாத்திக்கிட்டு இருந்தேன்.”

எனக்குச் சுருக்கென்றது. வைத்துவிடலாமா என்று நினைத்தேன். அதற்குள் அவள் சொன்னாள். “பதினோரு நிமிசத்தை ரெண்டு நிமிசமாக் குறைக்கிறேன், அது உங்களுக்கும் நல்லது, பார்க்கிறவங்களுக்கும் நல்லது. அந்த ஒன்பது செகண்டை மட்டும் தொட மாட்டேன். ஒருத்தங்க கேள்வி கேட்டு நீங்க பதில் சொல்லாம இருந்தது, எனக்குத் தெரிஞ்சு அந்த ஒரு இடந்தான். அதை வெட்டணும்னா நீங்க வேற ஆளைப் பாருங்க.”

போனை மறு காதுக்கு மாற்றிக்கொண்டேன்.

“சம்மதம்னா ஞாயித்துக்கிழமை வாங்க. பஸ் ஸ்டாண்டுக்கு வாரேன். போன்ல ஒண்ணும் சொல்ல வேண்டாம். நேர்ல சொல்லுங்க.”

“என்ன சொல்லணும்?”

“அந்த அம்மா கேட்டாங்கல்லா, அதுக்கு பதில்” என்று வைத்துவிட்டாள்.

இதுதான் நிலைமை. அவள் வெட்டாவிட்டால் இந்த எண்பத்தாறு மணி நேரமும் டிபன் டப்பாவிலேயே கிடக்க வேண்டியதுதான். இன்னொரு படம் எடுக்க எனக்குத் தோள் இல்லை. சொல்லிவிட்டால் என்ன குறைந்துவிடும் என்று நீங்கள் நினைக்கிறீர்கள், முகத்தில் தெரிகிறது. நான் சொல்ல மாட்டேன் என்றா சொன்னேன்? அதற்குத்தானே போகிறேன். இரண்டு நாளாகத் தயார் செய்து வைத்திருக்கிறேன். கேளுங்கள். ‘இமெல்டா, ஒட்டுமொத்தமாகப் பார்க்கும்போது, நீ சொன்னது ஒரு விதத்தில் சரிதான் என்று படுகிறது.’

எப்படி?

‘ஒரு விதத்தில்’ வேண்டாமா? அது இல்லாவிட்டால் மொட்டையாக இருக்காதா? ‘ஒட்டுமொத்தமாக’வும் வேண்டாமா? ‘படுகிறது’ம் போக வேண்டுமா? அதையும் எடுத்துவிட்டால் மிச்சம் மூன்று நான்கு வார்த்தைதான் இருக்கிறது. நீங்கள் உரக் கடையில் இருக்க வேண்டியவர் இல்லை, எங்கள் பக்கம் வந்திருக்கலாம். சரி. ‘நீ சொன்னது’ என்று ஆரம்பிக்கிறேன். பார்க்கலாம். முதலில் அக்காவை விசாரிக்க வேண்டும். மக்ரூனுக்கு நன்றி சொல்ல வேண்டும், மூன்று கிறிஸ்துமஸ் பாக்கி. பிறகு கலர் திருத்தம் பற்றி ஒரு விஷயம் இருக்கிறது. அதற்குப் பிறகு, சமயம் பார்த்து.

வந்துவிட்டதா? உப்புக் காற்று. ஆமாம், பஸ் ஸ்டாண்ட்தான். மதுரையிலிருந்து வருகிற வண்டி எங்கே நிற்கும்? நமக்கு முன்னால் ஒன்று வந்து நிற்கிறது பாருங்கள், அதற்குப் பக்கத்தில்...

அதோ. முகம் தெரியவில்லை, அந்தப் பக்கம் திரும்பி நிற்கிறாள். முகம் எதற்கு? அந்தத் தலையை எங்கே வைத்தாலும் சொல்லிவிடுவேன். முழுசாக நரைத்துவிட்டது. முன்னால் நிற்கிற வண்டியில் நான் இருக்கிறேனா என்று பார்க்கிறாள். இறங்குகிற ஒவ்வொருவர் முகத்தையும் பார்க்கிறாள்.

கூப்பிட வேண்டாம். ஒரு நிமிஷம் இப்படியே இருப்போம். நாம் பார்ப்பது அவளுக்குத் தெரியாது. கையில் ஒரு துணிப்பை. குதிகாலைத் தூக்கி உள்ளே எட்டிப் பார்க்கிறாள். வாட்சைப் பார்க்கிறாள். இருபத்தேழு வருஷம் பின்னால் உட்கார்ந்திருந்தேன், அவள் ஒருவருக்காகக் காத்துக்கொண்டு நிற்பதைப் பார்த்ததே இல்லை. கேமராவை எடுத்து வந்திருக்கலாம்.

எல்லோரும் இறங்கிவிட்டார்கள். இன்னும் நிற்கிறாள். தலை சாயவில்லை பாருங்கள், இடதுபக்கமும் இல்லை, வலதுபக்கமும் இல்லை. இது என்ன என்று எனக்குத் தெரியவில்லை. இப்படி நான் பார்த்ததில்லை.

திரும்புகிறாள். இந்தப் பக்கம் இல்லை, வாசல் பக்கம். வரவில்லை என்று நினைத்துவிட்டாள். கண்டக்டர், கொஞ்சம் கதவைத்... இந்த மூட்டையை யார் வழியில் வைத்தது? அம்மா, கொஞ்சம் தள்ளுங்கள். போகிறாள், வாத்தியாரே, போகிறாள்.

நீங்கள் கூப்பிடுங்களேன். ஜன்னல் வழியாக. எனக்குக் குரல்... வரமாட்டேன் என்கிறது. இமெல்டா என்று கூப்பிடுங்கள். சத்தமாக. என்ன சொல்வதா? நான் இங்கே இருக்கிறேன் என்று மட்டும் சொல்லுங்கள். மற்றதை நானே சொல்லிக்கொள்கிறேன்.